படகோட்டிக்கு ஒரு பதில்

14-6-1970
மானகிரி போகும் வழியில் மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்கி நின்றபோது அந்தப் படகோட்டியின் ஞாபகம். கல்லூரியில் திரை கட்டி அந்த ருஷ்யப் படத்தைப் போட்டு ஏழு வருஷம் இருக்கும். கதை மறந்தே போயிற்று. ஆற்றின் நடுவில் செத்துப்போன சிப்பாயின் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு, வாய் பேசாமல் துடுப்புப் போட்டாரே, அவர் மட்டும் மறக்கவில்லை. பெற்ற அப்பச்சி தவறியபோதுகூட அழாத நான் அன்று அழுதேன்.

2-7-1970
அந்தப் படகோட்டி யார் என்று எழுதிக் கேட்டிருந்தேன்; சென்னை ருஷ்யப் பத்திரிகை அலுவலகத்திலிருந்து பதில். அவர் பெயர் வெத்ரோவ். நடித்தது அந்த ஒரு படம்தானாம், பிறகு யாரும் கூப்பிடவில்லையாம். அடப் பாவிகளா! அவருக்குக் கடிதம் எழுதி, படகோட்டி வேஷத்தில் ஒரு போட்டோ கேட்டிருக்கிறேன். மொழிபெயர்த்து அனுப்புவார்களாம்.

19-11-1970
திருப்பத்தூர் போய்விட்டு வந்தால் என் மனைவி சிகப்பி ஈரத் தலையோடு நிற்கிறாள்.

"உங்க ருஷ்யாக்காரவுக தவறிட்டாக. போட்டோவச் சுத்திக் கறுப்புக் கட்டம் போட்டு வந்துச்சு. கேதக் கடுதாசிய வீட்டுக்குள்ள வைக்கலாமா? வாசல்லயே கிழிச்சுப் போட்டுட்டு முழுகிட்டேன்."

போட்டோவுக்குப் பின்னால் என்ன எழுதியிருந்தது என்றேன். "அந்த எழுத்து எனக்கென்ன தெரியும்?"

ஒரு தடவை என்னைப் பார்க்க விட்டிருக்கக் கூடாதா? கத்திவிட்டேன். துண்டுகள் மழைத் தண்ணீரோடு போய்விட்டன. நானும் ஊருணியில் தலை முழுகினேன்.

20-11-1970
வாசலில் ஒரு துண்டாவது ஒட்டிக் கிடக்கிறதா என்று தேடினேன், இல்லை.

8-3-1973
வெத்ரோவ் உயிரோடு இருக்கிறார்! சென்னை வழியாகக் கடிதம், தமிழில். "அந்த வேஷத்தில் என்னிடம் இருந்தது ஒரே ஒரு போட்டோதான். கசங்காமலிருக்கக் கறுப்பு அட்டையில் ஒட்டி உங்களுக்கு அனுப்பினேன். வேறு யாரும் அதைக் கேட்டதில்லை. வந்து சேர்ந்ததா?"

சந்தோஷப்படுவதா, தலையில் அடித்துக்கொள்வதா?

9-3-1973
பத்திரமாக இருக்கிறது என்று எழுதிவிடவா என்று சிகப்பியைக் கேட்டேன். அழுது முகம் வீங்கியிருந்தது அவளுக்கு.

"பொய் எழுதாதீக. நான் கிழிச்சேன்னே எழுதுங்க. தவறிட்டாகன்னு நெனச்சு இந்த வீட்டுல ரெண்டு பேரும் தலை முழுகுனோம்னும் எழுதுங்க. யாரோ எவரோன்னா முழுகுவமா?"

உயிரோடு இருக்கிற மனுஷருக்கு இதை எப்படி எழுதுவது? எழுதினேன். அவள் சொன்னபடியே, ஒரு வார்த்தை கூட்டாமல். தபாலிலும் சேர்த்தாயிற்று.