அட்டை பிடிப்பவள்

ஜூலை 3

இன்று நேரலையில் ஆறாயிரம் பேர். தெம்பே என்ற சோயாக் கட்டியை மாவில் தோய்த்து மெண்டோவான் பொரித்துக்கொண்டே கார்செம் அக்கா அவர்களைத் திட்டினாள். "வேகலையாம்ல! மெண்டோவான்னா அரைவேக்காடுதான்டா, உன் மூளை மாதிரி." திட்டத் திட்ட இதயமாக அனுப்புகிறார்கள்.

அக்காவின் கையெல்லாம் மாவு. வருகிற கருத்துகளை நான்தான் அட்டையில் எழுதித் தூக்கிக் காட்டுகிறேன். வாயால் சொன்னால் சுலபம். சொல் என்று அக்கா ஒருநாளும் கேட்டதில்லை. அதற்கே நன்றி.

ஜூலை 5

அக்கா நேரலையிலும் எங்கள் பன்யுமாஸ் வட்டாரப் பேச்சுதான் பேசுகிறாள். 'நான்' என்பதில்லை, 'இன்யோங்'தான். தொலைக்காட்சியில் அப்படிப் பேசுகிறவளுக்கு வேலைக்காரி வேஷம் மட்டும்தான் கிடைக்கும்.

ஜகார்த்தாவை ஒட்டிய பெக்காசியில் எட்டாம் வகுப்பு படித்தபோது வாய் தவறி 'இன்யோங்' என்றேன். "ஏய் வேலைக்காரி, தண்ணி கொண்டா!" என்று வகுப்பே கத்தியது. அம்மா அங்கே வீட்டுவேலைதான் பார்த்துக்கொண்டிருந்தாள். அதுதான் சுட்டது. அடுத்த மாதம் பள்ளியை விட்டேன். வெளியாட்கள் முன் பேசுவதையும்.

இந்த நோட்டில்கூட 'நான்' என்றே எழுதுகிறேன். யார் படிக்கப்போகிறார்கள் என்று பயம்?

ஜூலை 9

செத்தேன். நேரலையை நிறுத்திவிட்டதாக நினைத்து அக்காவின் பூனையைத் தூக்கிக் கொஞ்சினேன் — "இன்யோங்குக்குப் பசிக்குதுடா, உனக்கு?" நிற்கவே இல்லை. நாலாயிரம் பேர் கேட்டிருக்கிறார்கள். ஐயோ.

ஜூலை 10

வேலைக்குப் போகவில்லை. என் குரலை வெட்டியெடுத்துப் பரப்புகிறார்கள். பலருக்குப் பிடித்திருக்கிறதாம். ஒருவன் மட்டும்: "புது வேலைக்காரியா?"

வீட்டிலிருந்தே நேரலையைப் பார்த்தேன். மாவுக் கையோடு ஃபோனைத் தொட்டு அக்காவே அதைப் படித்தாள்.

"ஆமாடா, வேலைக்காரிதான். இன்யோங்கும் எட்டு வருஷம் ஜகார்த்தாவுல கக்கூஸ் கழுவினவதான். உனக்குச் சோறாக்கிப் போட்டாளே, அவ பேரு என்ன? தெரியாதுல்ல? போய்க் கேட்டுட்டு வா. அதுவரைக்கும் இங்க எழுதாத."

அம்மா என் தோளுக்குப் பின்னால் நின்றிருந்தாள். எப்போது வந்தாள் என்று தெரியவில்லை. "மறுபடி போடு" என்றாள். மூன்று முறை போடச் சொன்னாள்.

ஜூலை 11

போனேன். "வந்துட்டியா? பூனை தேடுச்சு" என்று அட்டையை நீட்டினாள் அக்கா. வேறு ஒரு வார்த்தை கேட்கவில்லை.

ஜூலை 19

அக்காவுக்குத் தொண்டை கட்டிவிட்டது. வெறும் காற்றுதான் வருகிறது. இன்று விடுமுறை என்று போடச் சொல்லிச் சைகை காட்டினாள். ஃபோனைக் கையில் எடுத்தேன். போடவில்லை. அடுப்பைப் பற்றவைத்து வாணலி முன் நின்றேன். அக்கா புருவத்தைத் தூக்கினாள். பிறகு என் அட்டையை எடுத்துக்கொண்டு, நேரலையைத் தொடங்கிவிட்டு, ஃபோனுக்குப் பின்னால் போய் உட்கார்ந்தாள்.

முதல் ஐந்து நிமிடம் எண்ணெய் மட்டும்தான் பேசியது. அட்டை எழுந்தது: "கத்துடி, ஊமைக்கோட்டான்!" சிரித்துவிட்டேன். அதோடு பேச்சும் வந்துவிட்டது.

அடுத்த அட்டை: "யார் பொரிக்கக் கத்துக்குடுத்தாங்கன்னு கேக்குறாங்க."

"எங்கம்மா. பெக்காசியில வீட்டுவேலை பார்த்தவங்க. இன்யோங் அவங்க பொண்ணு, துர்யாத்தி."

அக்கா வேறெங்கோ பார்த்துக்கொண்டு மூக்கை உறிஞ்சினாள். சளியாம்.

ஜூலை 20

சந்தையில் ஒருவர் விடாமல் எல்லோரிடமும் என் நேரலையைப் பற்றி அம்மா சொல்லிவிட்டு வந்திருக்கிறாள்.

இன்யோங்குக்கும் தொண்டை கட்டிவிட்டது.