அம்மாவின் முகத்தைச் சுரண்டிய அண்ணனுக்கு

என் ஆசை அண்ணா,

நீ போய்ச் சேர்ந்து மூன்று மாசம் ஆகிறது. இன்னும் உன்மேல் கோபம் ஆறவில்லை. அழலாம் என்று உட்கார்ந்தால் கோபம்தான் முன்னால் வந்து நிற்கிறது.

போன வாரம் சேலத்திலிருந்து திரைப்படச் சங்கத்துக்காரர்கள் இரண்டு பேர் நாமக்கல்லுக்கு வந்தார்கள். பழைய படச்சுருள்களிலிருந்தும் அரசாங்கச் செய்திப்படங்களிலிருந்தும் துண்டு துண்டாக வெட்டி ஒட்டி, ஊசியால் கீறி, சாயப்பட்டறைச் சாயம் பூசி நீ செய்த படத்தை, நீ ஆப்பரேட்டராக இருந்த தியேட்டரிலேயே போட்டுப் பார்த்தார்கள். அன்றைக்குத்தான் நானும் அதை முதல்முறையாகப் பார்த்தேன்.

"முகமே இல்லாம ஒரு பொம்பளை வர்றாங்க பாருங்க, அதுதாங்க படத்தோட உசுரு. அது யாரா வேணும்னாலும் இருக்கலாம்" என்றார் ஒருவர்.

"அது எங்கம்மாங்க" என்றேன்.

கையில் குடும்பக் கட்டுப்பாட்டு முகாமில் கொடுத்த வாளி, முழங்கைக்குக் கீழே பச்சை குத்திய தேள். எனக்குத் தெரியாதா?

எழுபத்தாறில் அந்த முகாம் செய்திப்படம் ஓடியபோது நான் அம்மாவின் பக்கத்தில்தான் இருந்தேன். திரையில் அம்மா கேமராவைப் பார்த்துச் சிரித்தாள். தரை டிக்கெட்டில் இருந்தவர்கள் விசிலடித்தார்கள். உனக்கு மானம் போயிற்று. அம்மாவுக்குப் போகவில்லை. மறுவாரம் உனக்குச் சோறு போடும்போது கேட்டாள்.

"ஏஞ்சாமி, அது நாந்தானே? இன்னொருக்கா போட்டுக் காட்டு சாமி."

"பொட்டி திரும்பிப் போயிருச்சும்மா" என்றாய், தட்டிலிருந்து தலையைத் தூக்காமல்.

படப்பெட்டி போனது நிஜம். அம்மா வந்த துண்டை மட்டும் வெட்டி எடுத்து வைத்திருந்தாயே, அதை ஏன் சொல்லவில்லை? அதற்கப்புறம் எந்தப் படத்துக்குப் போனாலும் செய்திப்படம் தொடங்குமுன் போய் உட்கார்ந்துவிடுவாள். மேலே மெஷின் பக்கத்தில் நின்று நீயும் பார்த்துக்கொண்டுதானே இருந்தாய்? நாலு வருஷம் தேடிவிட்டுச் செத்துப்போனாள்.

நம் வீட்டில் அம்மாவின் போட்டோ ஒன்றாவது உண்டா? இருந்த ஒரே முகம் அந்தச் சில அடி ஃபிலிமில்தான். அதைக் கட்டம் கட்டமாகச் சுரண்டி எடுத்திருக்கிறாய். அவளை யாரும் கேலி பண்ணக் கூடாதென்று செய்தேன் என்பாய். கேலி சுட்டது உன்னை. அவள் சந்தோஷமாகத்தான் இருந்தாள்.

படம் நன்றாக இருக்கிறது. அதுவே எனக்கு எரிச்சலாக இருக்கிறது.

அடுத்த மாசம் சேலத்தில் திரையிடுகிறார்கள். நான் தடுக்கப்போவதில்லை. ஆனால் போய் முன்வரிசையில் உட்காருவேன். அந்த இடம் வந்ததும் எழுந்து நின்று, இவள் பெயர் பாவாயி, இவள் சிரித்தாள், தன்னைத் திரும்பப் பார்க்க ஆசைப்பட்டாள் என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொல்வேன். இது சத்தியம்.

முகம் எப்படி இருக்கும் என்று யாராவது கேட்டால்தான் திணறுவேன். அம்மாவுக்கு மச்சம் இடது கன்னத்திலா, வலது கன்னத்திலா? எனக்கே மறந்துகொண்டு வருகிறது. ஒவ்வொரு கட்டமாக உற்றுப் பார்த்தவன் நீ ஒருத்தன்தானே அண்ணா.

உன் கூடப் பிறந்தவள்,
சரசு