ஆலை முதலாளிக்கு வேறொருவன் குரல்

ஜூன் 3, திங்கள்

இன்று மாலை ஏழரை மணிக்குத் தமிழ்நாடே அடுப்பை அணைத்துவிட்டு டிவி முன்னால் உட்கார்ந்தது. காரணம், நான். ராயபுரம் மாதா கோயிலில் ஈஸ்டருக்குப் போடும் பாஸ்கா நாடகத்தின் நிரந்தர ஏரோது மன்னனும், கிறிஸ்மஸ் நாடகத்தில் சேலை கட்டி வரும் மீன்காரியும், துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வு பெற்றவனுமாகிய ஜெரால்ட், ஆலை முதலாளி சுந்தரேசனாக சீரியலில் காரிலிருந்து இறங்கினேன். கார் தன்யமானது.

என் மனைவி ஃப்ளோரன்ஸுக்குச் சர்க்கரை கண்ணைத் தின்றுவிட்டது. பார்க்க முடியாது, கேட்கலாம். தலை சீவி, பவுடர் போட்டு, கட்டிலில் சாய்ந்து காதை டிவி பக்கம் வைத்திருந்தாள். திரையில் நான் வாயைத் திறந்தேன். உள்ளேயிருந்து வேறு எவனோ பேசினான். தேனில் ஊறிய பலாச்சுளை மாதிரி ஒரு குரல்.

"நீ எப்பய்யா வருவ?" என்றாள்.

அப்போது என் முகம் டிவி முழுக்க இருந்தது.

"இன்னிக்கி என் சீன் இல்ல. நாளைக்கி" என்றேன்.

ஜூன் 4, செவ்வாய்

டைரக்டரிடம் போர் தொடுத்தேன். மைக் இல்லாமல் கோயில் வாசலில் நின்று கத்தினால் நங்கூரம் போட்ட கப்பல் திரும்பிப் பார்க்கும், அப்படிப்பட்ட குரலுக்கு டப்பிங்கா?

"அதான் சார் பிரச்சினை. மொகம் முதலாளி, வாய் காசிமேடு" என்றான்.

ஒரே ஒரு நாள் என் குரலை விடுங்கள் என்றேன். ஏன் என்று கேட்டான். சொல்லவில்லை. ஏரோது கெஞ்சுவானா?

கெஞ்சியிருக்கலாம்.

ஜூன் 6, வியாழன்

என் குரலைத் திருடியவனைப் பார்த்து நாலு வார்த்தை கேட்க டப்பிங் தியேட்டருக்குப் படையெடுத்தேன். கண்ணாடி அறைக்குள்ளிருந்து ஒடிசலாக ஒருத்தர் வந்தார். பெயர் ஒவைஸ்.

"அண்ணாத்த! நானும் வண்ணாரப்பேட்டதான். உள்ள நின்னா முதலாளி, வெளிய வந்தா நம்மாளு. இன்னா சாப்புட்ற?"

திட்ட வந்தவன் சமோசா தின்றேன். ஃப்ளோரன்ஸ் விஷயத்தையும் சொன்னேன். அவர் கையிலிருந்த சமோசா பாதியில் நின்றது.

"நா வுட்டுக் குடுத்துருவேன் அண்ணாத்த. அவங்க வுடமாட்டாங்களே."

ஜூன் 10, திங்கள்

மாபெரும் சதித்திட்டம். என் அக்கா மகள் ஜூடி தளபதி, ஆயுதம் ரிமோட். திரையில் என் முகம் வந்ததும் அவள் சத்தத்தை அணைப்பாள். கட்டில் ஓரம் உட்கார்ந்து நான் பேசுவேன். முகம் போனதும் சத்தம் திரும்பும்.

ஒரு சின்னச் சிக்கல். ஷூட்டிங்கில் வசனத்தை ஒருவர் கூவுவார், அதை அப்படியே வாங்கிச் சொல்லி, அங்கேயே மறந்துவிடுவது வழக்கம். ஆகவே எனக்கு ஒரு வரிகூட நினைவில்லை. அதனால் என்ன, கற்பனை இருக்கிறது.

"மாமா, ஓவரா வுடாத" என்றாள் தளபதி.

ஃப்ளோரன்ஸ் இன்று என் குரலைக் கேட்டாள். சிரித்தாள். "வந்துட்டயே!" என்று என் கையைத் தேடிப் பிடித்தாள்.

ஜூன் 14, வெள்ளி

ஃப்ளோரன்ஸுக்கு டயாலிசிஸ் நாள். சர்க்கரை கிட்னியையும் விட்டுவைக்கவில்லை. பாதியிலேயே மெஷினை நிறுத்திவிட்டார்கள், பிரஷர் இறங்கிவிட்டதாம்.

ஜூன் 28, வெள்ளி

மாட்டிக்கொண்டேன். சுந்தரேசன் மருமகளைக் கூப்பிட்டுப் பேசும் காட்சி. ஜூடி சத்தத்தை அணைத்தாள். நான் முழங்கினேன்: "மருமகளே! எண்ணூர் துறைமுகத்தையே உன் பேருக்கு எழுதி வைக்கிறேன், கப்பலோடு!"

சத்தம் திரும்பியது. மருமகள் சொன்னாள்: "சரிங்க மாமா, சர்க்கரை கம்மியாவே போட்டுத் தரேன்."

ஜூடி முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். ஃப்ளோரன்ஸ் சிரிக்கச் சிரிக்க இருமல் வந்தது. முதுகைத் தடவிவிட்டேன்.

"மொத நாளே தெரியும்யா. டிவி அந்த மூலைல கீது. நீ என் காதுகிட்ட வெத்தல வாசனையோட பேசிகினு கீற."

"பின்ன ஏன் சொல்லல?"

"சொன்னா நிறுத்திருவியே."

பிறகு, "அந்தப் பணக்காரன் வேணா. மீன்காரியா பேசு" என்றாள். பேசினேன். சங்கரா மீனுக்கு விலை கேட்டு வந்த கவர்னரை விரட்டியடித்தேன்.

ஜூலை 9, செவ்வாய்

மீன்காரியாகக் கத்திக்கொண்டே இருக்கிறேன், அவள், "இன்னாய்யா, வாய மட்டும் அசைக்கிறியா? சத்தமே வரலியே" என்கிறாள். பக்கத்து வீட்டு வரலட்சுமி, சண்டையோ என்று ஓடி வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போகிறாள். அவ்வளவு சத்தம்.

இன்னும் எப்படிக் கத்துவது? கப்பலெல்லாம் திரும்பிப் பார்த்து இன்னா பிரயோஜனம்?

ஜூலை 22, திங்கள்

காலையில் ஃப்ளோரன்ஸ் போய்விட்டாள். என் கையைத்தான் பிடித்திருந்தாள்.

ஜூலை 24, புதன்

காசிமேட்டுக் கல்லறையில் அடக்கம் முடிந்தது. எல்லோரும் என் முகத்தைப் பார்த்தார்கள். பெரிதாக ஏதாவது செய்வேன் என்று எதிர்பார்த்தார்களோ? கண்ணில் சொட்டுத் தண்ணீர் வரவில்லை. கிரேன் மாதிரி நின்றேன்.

ஜூடி அழுதாள். ஒவைஸ் வந்திருந்தார், ஓரமாக.

ஆகஸ்ட் 14, புதன்

சீரியலில் சுந்தரேசனின் மனைவியைக் கொல்கிறார்கள். போன வாரம் எடுத்தார்கள். கண்ணில் கிளிசரின் போட்டு, மாலை போட்ட படத்துக்கு முன்னால் தோளைக் குலுக்கிவிட்டு வந்தேன். தொழில்.

ஒவைஸ் போன் செய்தார்.

"அண்ணாத்த, அந்தச் சீன் எனக்கு வரல. நாலு வாட்டி அழுதேன், டைரக்டர் பத்தலன்றாரு. நீ வந்து அழு. டைரக்டர்கிட்ட நா பேசிட்டேன்."

"என் வாய் காசிமேடாச்சே பாய்?"

"அழுகைல இன்னா ஏரியா கீது?"

ஆகஸ்ட் 16, வெள்ளி

கண்ணாடி அறை. ஹெட்போன். திரையில் நான் தோளைக் குலுக்கிக்கொண்டிருந்தேன், சத்தமில்லாமல். முதல் தடவை காற்றுத்தான் வந்தது. இரண்டாவது தடவை ஒவைஸ் விளக்கை அணைக்கச் சொன்னார்.

அப்புறம் திரை ஓடி முடிந்துவிட்டது. எனக்கு நிறுத்தத் தெரியவில்லை. யாரும் நிறுத்தச் சொல்லவில்லை. என் தோளைப் பிடித்து வெளியே கூட்டி வந்தது ஒவைஸ்தான்.

செப்டம்பர் 2, திங்கள்

இன்று ஒளிபரப்பு. ஜூடி சத்தத்தை முழுசாக வைத்தாள். நான் சமையல்கட்டில் நின்றுகொண்டேன், பால் பொங்கிவிடும் என்று சாக்கு.

முடிந்ததும் வரலட்சுமி கண்ணைத் துடைத்துக்கொண்டு வாசலில் வந்து நின்றாள்.

"அங்கிள், இன்னிக்கி யாரோ ரொம்ப நல்லா அழுதாங்க. யாரு அது? உங்க குரல் மாதிரி இல்லவே இல்ல."

"யாரோ டப்பிங் ஆளும்மா" என்றேன்.