எங்கள் தெருப் புகார்களுக்குக் காரணம் நானல்ல, குழாய்

விடுநர்
ச. கலைப்பிரியா,
கலை ஜெராக்ஸ், பள்ளிக்கூடத் தெரு,
மேட்டுக்கரை, திண்டிவனம் வட்டம்.

பெறுநர்
தனி அலுவலர் அவர்கள்,
குறைதீர் தரவு ஆய்வுப் பிரிவு,
விழுப்புரம்.

பொருள்: குடிநீரில் சாக்கடை கலப்பது – புகார்களுக்கு மூலகாரணம் என்று என் கைப்பேசி எண்ணைத் தடை செய்தது – குழாயைச் சரிசெய்யக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. எங்கள் தெருக் குழாயில் ஆடி மாதத்திலிருந்து சாக்கடை நாற்றத்தோடு தண்ணீர் வருகிறது. சிறுபாலத்துக்கு அடியில், கழிவுநீர்க் கால்வாய்க்குள் குழாயின் இணைப்பு விட்டுப்போயிருக்கிறது. குனிந்து பார்த்தால் எவருக்கும் தெரியும். இதுவரை எந்த அலுவலரும் குனியவில்லை.

2. புகார் பதிய கைப்பேசிக்கு ஓடிபி வர வேண்டும். இங்கே பல வீடுகளில் ஒரே போன்தான். அது விடிந்ததும் ஆண்களோடு புதுச்சேரிக்கு வேலைக்குப் போய்விடும். ஆகவே பெண்கள் என் கடைக்கு வந்து, "யக்கா, உன் நம்பர்லயே போட்டு வுடு" என்பார்கள். நானும் போட்டேன்.

3. எங்கள் ஊர்ப் புகார்களையெல்லாம் தங்கள் பிரிவு கணினியில் ஏற்றி ஆராய்ந்திருக்கிறது. பெரும்பாலான தொல்லைகளுக்குச் சில காரணங்களே இருக்கும், அவற்றைக் கண்டுபிடித்து நீக்கினால் போதும் என்பது நல்ல கணக்குதான். நானும் புள்ளியியல் படித்தவள். ஆனால் எந்த இடம் என்று பிரிக்க வேண்டியதை, எந்த எண் என்று பிரித்துவிட்டார்கள். நூற்றுக்கு எண்பது புகார் என் எண்ணிலிருந்து வந்ததாம். உடனே மூலகாரணம் கிடைத்துவிட்டது: நான்! என் எண்ணைத் தடை செய்தார்கள். புகார்களும் மளமளவென்று குறைந்தன.

4. நேரில் கேட்கப் போனேன். தங்கள் உதவியாளர், "நீங்க போட்டுக்கினே இருந்தா எங்க ரிப்போர்ட் என்னாவறது? இப்ப பாருங்க, கிராப் எப்படி எறங்கிக்கினு வருது" என்று பெருமையாக மானிட்டரைத் திருப்பிக் காட்டினார். ஐயா, என் மெஷினில் பேப்பர் சிக்கினால் நான் உருளையைத்தான் துடைக்கிறேன். அதிகமாக ஜெராக்ஸ் எடுக்க வருகிறவரைக் கடைப் பக்கம் வராதே என்று விரட்டுவதில்லை.

5. கிராப் இறங்கிய அதே வாரம் பக்கத்து வீட்டு வெண்ணிலாவின் மகள் சங்கவிக்கு வாந்தி பேதி. நான்கு வயதுக் குழந்தை. முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரியில் குளுக்கோஸ் ஏறிக்கொண்டிருக்கிறது. அன்று வெண்ணிலா என் கடைக்குத்தான் ஓடி வந்தாள். நான் போட்ட புகாரை ஏற்க இயலாது என்று தங்கள் கணினி திருப்பி அனுப்பியது. ஆகவே தங்கள் கணக்கில் சங்கவிக்கு ஒன்றுமே ஆகவில்லை.

6. எனவே, அந்த இணைப்பை உடனே மாற்றித் தரவும், அதுவரை லாரியில் தண்ணீர் அனுப்பவும் பணிவுடன் வேண்டுகிறேன். என் எண்ணுக்கு அவசரமில்லை. வரும் ஞாயிற்றுக்கிழமை ஆண்கள் வீட்டில் இருப்பார்கள், போனும் இருக்கும். வீட்டுக்கு வீடு அவரவர் எண்ணிலிருந்தே புகார் போடப் போகிறோம். திங்களன்று தங்கள் கணினியில் எண்கள் எல்லாம் வேறு வேறாக வரும், இடம் மட்டும் ஒன்றாகவே வரும். அப்போதும் எண்களைத்தான் தடை செய்வீர்கள் என்றால், சங்கவியின் அப்பா எண்ணிலிருந்து தொடங்குங்கள். அவர் வேலைக்குப் போகாமல் பிள்ளையின் கட்டிலருகே போனும் கையுமாகத்தான் உட்கார்ந்திருக்கிறார். தாங்கள் அனுப்பும் செய்தியை உடனே படித்துவிடுவார்.

இடம்: மேட்டுக்கரை
நாள்: 12.09.2025

இப்படிக்கு,
தங்கள் கணக்கின்படி மூலகாரணமாகிய
ச. கலைப்பிரியா