முட்டம் பாறையில் போர்த்திய பொன்னாடை

17 ஜனவரி 1993, ஞாயிறு

பனி. பத்து மணி வரை மலை தெரியவில்லை. கணுக்காலில் சிராய்ப்பு. வீக்கம் இல்லை.

சால்வையை நான் கடலில் எறியவில்லை. முதலில் இதை எழுதி வைக்கிறேன். காலைப் பூசை முடிந்து வீடு வந்து சேர்வதற்குள் மூன்று பேர் கேட்டாயிற்று. பக்கத்து வீட்டு ராஜு வீட்டம்மா நம் மாதா கோவில் பக்கமே வராதவர். அவர்கூட மதில் மேல் எட்டிப் பார்த்து, "என்னம்மா, பட்டுச் சால்வையக் கடல்ல வீசிட்டியளாமே?" பட்டு அல்ல, பாலியெஸ்டர். வீசவும் இல்லை. போர்த்தினார்கள், நான் கையைத் தூக்கிப் பிடிக்கவில்லை, காற்று கொண்டு போயிற்று. அவ்வளவுதான்.

பாறையைப் பார்த்துப் பயந்து அழுதேன் என்பதும் பொய். வழிகாட்டியைத் திட்டினேன் என்பதும் பொய். நேற்று முழுவதும் என்னிடம் உண்மை பேசியவர் அந்த மனிதர் ஒருவர்தான்.

நேற்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். நாளைக்கு நாலு பேர் நாலு விதமாகச் சொன்னாலும் எனக்குக் குழப்பம் வரக்கூடாது.

காணும் பொங்கல். கோவில் பாடற்குழு முட்டத்துக்கு ஒரு நாள் பயணம். ஒரு வேன், பதினொரு பேர். ஏற்பாடு ஞானராஜ். மில்லில் சூப்பர்வைசர், குழுவில் ஆண்குரல், தலைமுடி அதிகம். எனக்குப் போக விருப்பமே இல்லை. பிலோமினாதான் விடவில்லை. முப்பது வருடமாக ஒரே தெரு, கோவிலில் ஒரே பெஞ்சு. "சும்மா கடல் பாக்கத்தான்க்கா. நீங்க வராட்டி நானும் போகல." சரி என்றேன்.

நான் எடுத்துப் போனவை: வெந்நீர் பிளாஸ்க், இட்லி எட்டு, செபமாலை, மாற்றுச் செருப்பு, என் கணவருடைய பழைய மஃப்ளர். பிலோ கொண்டு வந்தவை: ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பால்கோவா ஒரு கிலோ, வேட்டித் துணியில் சுற்றிய சதுரமான ஏதோ ஒன்று. என்ன அது என்றேன். "கேரம் போர்டுக்கா." கடற்கரைக்கு எதற்குக் கேரம் போர்டு என்று நினைத்தேன். கேட்கவில்லை. பிலோ பொய் சொல்வாள் என்று நினைக்கும் பழக்கம் எனக்கு இல்லை.

ஐந்துக்குக் கிளம்பி, சங்கரன்கோவில் தாண்டி விடிந்தது. திருநெல்வேலியில் காபி, சர்க்கரைத் தண்ணீர். முட்டம் பத்தரை.

கடல் தெரிவதற்கு முன்னால் சிவப்பு மண், செங்கல் பொடி மாதிரி. பிறகு கலங்கரை விளக்கம். பிறகு தரை முடிந்துவிடுகிறது. கீழே பாறைகள். அலை பாறை இடுக்கில் நுழைந்து அடியில் எங்கோ ஒரு முழக்கம். நான் படித்த கான்வென்ட் சாப்பலில் இருந்த பெடல் ஆர்கனின் ஆகக் கீழ்ச் சுரம் இப்படித்தான் நெஞ்சில் கேட்கும். ஐம்பது வருடத்துக்குப் பிறகு நேற்று கேட்டேன். இதைப் பிலோவிடம் சொல்லத் திரும்பினேன். அவள் கேரம் போர்டை யாரிடமோ ஒப்படைத்துக்கொண்டிருந்தாள்.

வழிகாட்டி பெயர் சூசை. ஐம்பதுக்கு மேல். முன்பு கட்டுமரம், இப்போது வருகிறவர்களைப் பாறைக்குக் கூட்டிப் போகிறார். அவர் முறை எனக்குப் பிடித்தது. பன்னிரண்டு பேருக்கு மேல் ஏற்ற மாட்டார். ஒரே வரிசை. வெறுங்கால். கறுத்து ஈரமாக இருக்கும் பாறையில் கால் வைக்கக் கூடாது. சிப்பி ஒட்டிய இடத்தில் வைக்கலாம், கிழிக்கும், ஆனால் வழுக்காது. ஐந்து நிமிடம் யாரையும் அசையவிடாமல் அலையை மட்டும் பார்க்கச் சொன்னார். "கடல் எதுவரைக்கும் ஏறுதுன்னு மொதல்ல பாருங்க. பொறவு காலு வைக்கலாம்." ஞானராஜ் பொறுக்காமல் நகர்ந்தான். "ஏலே தம்பி, ஒன் மில்லு சங்குக்குக் கடல் நிக்காது. நில்லு!" சிரித்தேன். நேற்று நான் சிரித்தது அந்த ஒரு தடவை.

வரிசை பிரிக்கும்போது என்னிடம் வந்தார். "பாட்டு சொல்லிக்குடுக்கிற அம்மா நீங்கதானா? எனக்குப் பின்னால வாருங்க. ஒங்களுக்குத்தான பிரிவு விழா, நீங்க முன்னால நின்னாத்தான் போட்டோவுக்கு நல்லாருக்கும்."

"என்ன விழா?"

அவர் முகம் மாறிவிட்டது. எனக்குப் பின்னால் பார்த்தார். பிலோவின் குரல், மெதுவாகத்தான், ஆனால் காற்று என் பக்கம் வீசியது. "இப்பப் போயி ஏன் சொன்னாரு? அங்க போயிச் சொல்லிக்கிடலாம்னுதான இருந்தோம். அவிய இங்கனயே உக்காந்துட்டா என்ன செய்ய?"

உட்காரவில்லை. நடந்தேன். நூறு அடிக்குக் குறையாத பாறை, அறுபத்தெட்டு வயது, சூசை நீட்டிய கையைப் பிடிக்காமல். சிப்பி சீவியது அப்போதுதான். பயம் இருந்திருக்கலாம். அதைவிடப் பெரிதாக வேறொன்று இருந்தது.

கடைசிப் பாறை சமமாக இருக்கிறது. அங்கே கேரம் போர்டின் வேட்டித் துணியை அவிழ்த்தார்கள். கண்ணாடிச் சட்டம் போட்ட வாழ்த்து மடல். அலை தெறிக்கும் இடத்தில் கண்ணாடி! இரண்டு பேர் பிடிக்க, ஞானராஜ் வாசித்தான். பாதி கடலோடு போயிற்று. "இருபத்திரண்டு ஆண்டுகள் இசைப்பணி ஆற்றி ஓய்வு பெறும் எங்கள் அன்புத் தாயே..."

யாருக்கு ஓய்வு? சம்பளம் வாங்கினேனா, விண்ணப்பம் கொடுத்தேனா? என் கணவர் இறந்து முப்பதாம் நாள் பூசை முடிந்த அடுத்த ஞாயிறு அந்த ஆர்மோனியத்தின் முன் உட்கார்ந்தேன். மஞ்சள் காமாலை வந்த மாதம் தவிர ஒரு ஞாயிறும் விட்டதில்லை. அந்த முக்கால் மணி நேரத்துக்காகத்தான் மற்ற ஆறு நாளும் எழுந்திருக்கிறேன். இதை யாரிடமும் சொன்னதில்லை.

மடலில் எழுத்துப் பிழை மூன்று. அடியில் தேதி இருக்கும் இடத்தில் வெள்ளைத் தாள் ஒட்டி, 16.1.93 என்று கையால் எழுதியிருந்தது. மெல்லிய தாள், வெயிலில் அடி எழுத்து தெரிந்தது. 20.12.92 என்று அச்சு. அந்த வாரம் முழுவதும் மாலைதோறும் என் முன்னால் நின்று கிறிஸ்துமஸ் பாட்டுப் படித்தார்கள். வேலை முடியட்டும் என்று காத்திருந்திருக்கிறார்கள். மேலே எழுதிய ஒன்பது வால் சுருட்டிய ஒன்பது. பிலோவின் கை.

அவளேதான் சால்வையோடு வந்தாள். "கொஞ்சம் குனிங்கக்கா." குனியவில்லை. எட்டிப் போர்த்தினாள். கை தட்டினார்கள். "பிடிச்சுக்கோங்கக்கா, காத்தடிக்கு." நான் கைகளைத் தொங்கவிட்டபடியே நின்றேன். போட்டோ பிடிப்பவர் மூன்று எண்ணுவதற்குள் போய்விட்டது. யாரோ சிரித்தார்கள். சூசை எட்டிப் பிடிக்கப் பார்த்தார். "விடுங்கள், விழுந்துவிடப் போகிறீர்கள்" என்றேன், கொஞ்சம் சத்தமாக. திட்டியது என்று சொல்வது இதைத்தான்.

கரையேறியதும் சூசை தனியாக வந்தார். "ஒங்களுக்குத் தெரியும்னு நெனச்சேன்மா. தெரிஞ்சிருந்தா வாயத் தொறந்திருக்க மாட்டேன்." அவர் தப்பு ஒன்றும் இல்லை என்றேன். திரும்பும் வேனில் பாட்டு இல்லை.

இன்று காலை வழக்கம்போல் கால் மணி முன்னதாகக் கோவிலுக்குப் போனேன். என் இடத்தில் கீபோர்டு, இரண்டு ஸ்பீக்கர். ஆர்மோனியம் சாமியார் உடை மாற்றும் அறையில், மேலே பூச்சாடி. பெண்கள் பக்கம் நாலாவது பெஞ்சில் உட்கார்ந்தேன். வருகைப் பாட்டு மிக வேகம். பாடவில்லை.

18, திங்கள்

பனி குறைவு. காஸுக்குப் பதிந்தாயிற்று. ராஜு வீட்டம்மா அவர்கள் கம்பெனி பேண்டேஜ் துணி ஒரு சுருள் கொடுத்தார். ஒரு கணுக்காலுக்கு ஒரு சுருளா! கட்டிக்கொண்டேன்.

பதினொரு மணிக்குப் பிலோ.

"எம் மேல கோவமாக்கா?"

"அந்தத் தேதியை ஒட்டியது யார்?"

"நாந்தான்."

"டிசம்பரிலேயே உனக்குத் தெரியும்."

"எல்லாருக்கும் தெரியும்க்கா. சாமிதான் சொன்னாவ, கிறிஸ்துமஸ் போகட்டும், அம்மா மனசு நோகாம மரியாதையா அனுப்பி வைங்கன்னு. வீட்டுல வச்சுச் சொன்னா நீங்க கதவச் சாத்திருவிய. அதான் தூரமாக் கூட்டிட்டுப் போயி..."

"ஓட முடியாத இடமாகப் பார்த்து."

அதற்கு அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. "நீங்க ஆளுகளப் படுத்துற பாடு எம்புட்டுன்னு ஒங்களுக்குத் தெரியுமா? கிறிஸ்துமஸ் அன்னைக்குப் பூசை நடுவுல பாட்ட நிப்பாட்டி, 'மறுபடியும்' னு சொன்னியளே. அம்புட்டு சனமும் திரும்பிப் பாத்துச்சு. எம் மருமக வீட்டுக்கு வந்து அழுதா."

உண்மை. நிறுத்தினேன். இரண்டாம் அடியில் பெண்கள் அரைச் சுரம் இறங்கிவிட்டார்கள். கான்வென்டில் மதர், பிஷப் வந்திருந்த அன்றுகூட நிறுத்தினார். தப்போடு கடவுள் முன்னால் போய் நிற்காதே, திரும்பத் தொடங்கு என்பார். நான் கற்றது அது. இங்கே அது அவமானம் என்றால், இருபத்திரண்டு வருடத்தில் ஒருவராவது சொல்லியிருக்கலாம். மருமகள் அழுதது தெரியாது. அழுவாள் என்று தெரிந்திருந்தால் நிறுத்தாமல் இருந்திருப்பேனா? இருந்திருக்க மாட்டேன் என்றுதான் தோன்றுகிறது.

வலது மோதிர விரல் மடங்காததை ஒருத்தியிடம் மட்டும் சொல்லியிருந்தேன். அக்டோபரில், அவள் வீட்டு அடுப்படியில்.

"விரல் விஷயத்தையும் சொன்னாயா?"

காபி டம்ளரையே பார்த்தாள். "ஒங்க நல்லதுக்குத்தான்க்கா சொன்னேன்."

காபியை முழுவதும் குடித்துவிட்டுக் கிளம்பினாள்.

19, செவ்வாய்

மேகம். ரேஷனில் சர்க்கரை இல்லை.

பங்குச் சாமியாரைப் பார்த்தேன். உட்காரச் சொன்னார், மிகவும் அன்பாக. "நான் நிறுத்தலையேம்மா. பாடற்குழு எல்லாரும் சேந்து வந்து கேட்டாங்க. சரின்னேன். அவ்வளவுதான். நீங்க எப்பவும் நம்ம பெரியவங்க."

திரும்பும் வழியில் மில் வாசலில் ஞானராஜ். ஷிப்ட் விட்ட நேரம். டவுன் பஸ் சத்தத்தில் கத்தித்தான் பேச முடிந்தது. "சாமிதான் சொன்னாவ டீச்சர். நாங்க என்ன செய்ய? ஒங்களுக்கு எம்புட்டுச் செலவழிச்சு மரியாத செஞ்சோம். இந்த மாதிரி யாருக்குச் செய்வாவ?" பக்கத்தில் நின்றவன், "கடல்ல போட்ட மரியாத" என்றான். இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள்.

சாமி குழுவைச் சொல்கிறார். குழு சாமியைச் சொல்கிறது. யாருமே நிறுத்தவில்லை, நான் மட்டும் நின்றுவிட்டேன்.

20, புதன்

தூறல். முருங்கைக் கீரை. ஆர்மோனியத்துக்குப் போக வேண்டிய புதன் மாலைப் பயிற்சி. ஆறு மணிக்குப் புடவை மாற்றிவிட்டேன், பழக்கம். மாற்றிய பிறகு நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன்.

அடுத்த மாதம் தொடங்கும் தவக்காலத்துக்கான பாட்டு நோட்டை எடுத்துப் பார்த்தேன். பதினான்கு பாட்டு. ஐந்து புதியவை, நோட்டேஷன் நானே எழுதியது. இவற்றை யாருக்குச் சொல்லிக்கொடுப்பது என்று தெரியாமல் மூடவும் முடியவில்லை.

அழவில்லை என்று எழுதத் தொடங்கினேன். மத்தியானம் கொஞ்சம்.

21, வியாழன்

வெயில். தபாலாபீஸ் பத்து மணிக்கு. பதிவுத் தபால், ஒப்புகை அட்டையுடன். கடிதத்தின் நகல்:

மதிப்பிற்குரிய சாமி அவர்களுக்கு,

தோத்திரம். 16ஆம் தேதி முட்டத்தில் எனக்குப் பிரிவு விழா நடத்தப்பட்டது. எனக்கு முன்கூட்டித் தெரிவிக்கப்படவில்லை. நான் ஓய்வு கேட்கவும் இல்லை. என்னை நிறுத்தியது குழு என்று தாங்களும், தாங்கள் என்று குழுவும் சொல்கிறீர்கள்.

மூன்று விஷயம் தெரிய வேண்டும். நிறுத்தியது யார். காரணம் என் விரலா, என் குணமா. தவக்காலப் பயிற்சியை நான் தொடங்க வேண்டுமா, வேண்டாமா.

விரல் என்றால் ஒத்துக்கொள்கிறேன். குணம் என்றாலும் மறுக்கப் போவதில்லை. அதை என் முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால், ஆர்மோனியத்தை நானே துடைத்து மூடிவிட்டு வந்திருப்பேன்.

தயவுசெய்து யாரிடமும் சொல்லி அனுப்ப வேண்டாம். தாங்களும் வீட்டுக்கு வர வேண்டாம். தங்கள் கையெழுத்துடன் எழுத்து மூலம் பதில் தரவும்.