படுத்துக் கிடக்கும் கோடு

நண்பா,

இன்று காலை சிரம்பான் கோவிலில், பரீட்சைக்குப் போகும் பிள்ளைகளுக்குச் சர்க்கரைப் பொங்கல் கொடுத்தார்கள். என் கையிலும் ஓர் உருண்டை விழுந்தது. நெய் வாசம் மூக்கில் ஏறியது. பக்கத்தில் நின்ற பிள்ளையிடம் கொடுத்துவிட்டேன். நீ இருந்திருந்தால் என்னைத் திட்டியிருப்பாய்.

நாம் படித்தது, சுவா ஊர்ப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் நம் லயத்து வீடுகளைச் சுற்றி வெள்ளைக்காரன் முள்வேலி போட்டிருந்த அவசரகாலம். காட்டுக்குள் இருக்கும் கம்யூனிஸ்டுகளுக்குச் சாப்பாடு போய்விடுமாம். ஒரு பிடி சோறு வேலியைத் தாண்டக் கூடாது. பால்மரம் வெட்டப் போகிறவர்களே வெறும் வயிற்றோடுதான் போனார்கள். அந்த வேலிக்குள்ளிருந்து சிரம்பான் இங்கிலீஷ் பள்ளிக்கு பஸ் ஏறியவர்கள் நாம் இருவர் மட்டும். எனக்கு அல்ஜீப்ரா எட்டிக்காய். நீதான் பஸ்ஸில் முழங்கால்மேல் தாளை வைத்துச் சார்புகளைப் புரிய வைத்தாய். "எக்ஸ்னா மெசின்ல போடுற பால்கட்டிடா. உருளையில நசுங்கி வெளிய வருதே ஷீட்டு, அதான் ஒய். அவ்வளவுதான்லா."

கடைசிப் பரீட்சையின் கணக்குத் தாள் அன்று, உன் அம்மா மாரியம்மனுக்குப் பொங்கலிட்டு, உனக்குத் தெரியாமல் ஒரு பிடியை இலையில் மடித்து உன் பைக்குள் வைத்துவிட்டார். சாமி பிரசாதத்தையும் சோறு என்பார்கள் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. கேட்டில் சோதித்த காவலருக்கு அது சோறுதான். "சாமிக்குப் படைச்சதுய்யா" என்று உன் அம்மா கதறக் கதற உன்னை ஓரமாக உட்கார வைத்தார்கள். பஸ் ஹாரன் அடித்தது.

"நீ போடா. ஈக்வலுக்கு அந்தப் பக்கம் கொண்டு போறப்ப மைனஸ மறந்துடாத" என்றாய்.

போனேன், எழுதினேன், தேறினேன். உன்னை வெளியே விட்டபோது பரீட்சை முடிந்திருந்தது. போலீஸ் பிடித்தவன் என்று பள்ளியும் உன்னைத் திரும்பச் சேர்க்கவில்லை. நீ பால்வெட்டும் கத்தியை எடுத்தாய்.

நான் ஆசிரியராகித் தோட்டத்துக்கு வந்தபோது, உன் மகன் படிக்கிறானா என்று கேட்டேன். சிரித்தாய். "கிராஃபுல படுத்துக் கெடக்குமே ஒரு கோடு, ஞாபகமிருக்கா? எக்ஸுல எதப் போட்டாலும் ஒய் மாறாது. எங்கப்பனப் போட்டாங்க, என்னப் போட்டாங்க, இப்ப எம்மவன்."

போன மாதம் உன்னை எரித்தோம். காரியம் முடிந்த மறுநாளே உன் மகன் பால்மரம் வெட்டப் போய்விட்டான்.

வகுப்பில் அந்தக் கோட்டைப் போடும் பாடம் வந்தால் பிள்ளைகள் முகத்தைப் பார்க்காமல் கரும்பலகையிடமே பேசுகிறேன். அவர்கள் விடைத்தாளில் நான் முதலில் தேடுவது, அந்தப் பக்கம் போகும்போது மாற வேண்டிய மைனஸைத்தான். மைனஸை மறக்கவில்லை, நண்பா. உனக்காக என்னால் முடிந்தது அது ஒன்றுதான்.