போகும் திசையில் பாதி

06:10
இழுவைக்கலம் 'கெளுத்தி'. ஓட்டுநர் நாச்சியார், தனி ஆள். பின்னால் வடத்தில், எஞ்சின் செத்துப்போன சுரங்கக் கேபின். உள்ளே எபனேசரையும் சேர்த்துப் பதினோரு பேர். காற்று 24 மணி நேரத்துக்கு. நிலையம் 15,000 கி.மீ.

தள்ளும்போது கலத்தின் மூக்கைக் காக்கும் முட்டுச்சட்டம் போன வாரமே உடைந்துவிட்டது. மாற்றித் தரக் கேட்டால் நிலையத்தில் "பார்க்கலாம்" என்கிறார்கள். அதனால் தள்ளாமல் இழுக்கிறேன். நெருப்பு கேபினைச் சுட்டுவிடாமல் இரண்டு எஞ்சின்களையும் அறுபது டிகிரி வெளியே விரித்திருக்கிறேன். விசை 400 நியூட்டன், தூரம் 1000 கி.மீ., வேலை 400 மெகாஜூல். வேகம் வினாடிக்கு 200 மீட்டர் வரும்; போய்ச்சேர்ந்ததும் நிலையத்தின் பிடிவலை நிறுத்திக்கொள்ளும். போதும். கண் சொக்குகிறது.

08:20
எபனேசர்: "அக்கா, மெதுவா போற மாதிரி இருக்கே?"
நான்: "ஏல, எனக்குத் தெரியும். பேசிப் பேசிக் காத்தத் தீக்காத."

10:05
1000 கி.மீ. ஆயிற்று. வேகம் 141தான்.

சே, என்ன மடத்தனம்! ஏழு வருடமாக முட்டித் தள்ளியே பழக்கம். எஞ்சின் நேர் பின்னால் இருக்கும், விசையைத் தூரத்தால் பெருக்கினால் முடிந்தது. இன்றும் கை அதையே எழுதியிருக்கிறது. அறுபது டிகிரியில் போகும் திசைக்குக் கிடைப்பது பாதி விசைதான், 200. வேலையும் பாதி. எரிபொருள் மட்டும் முழுசாகச் செலவு.

இந்த வேகத்தில் இன்னும் 28 மணி நேரம். அவர்களுக்குக் காற்று 20. விரித்த எஞ்சினோடு மிச்ச எரிபொருள் போதாது. நேராக வைத்தால் போதும்.

10:20
வடத்தை வெட்டிக் கேபினுக்குப் பின்னால் வந்துவிட்டேன். எஞ்சின்களை நேராக்கி, கலத்தின் வெறும் மூக்கால் தள்ளப் போகிறேன். விண்ணுடுப்பு மாட்டியாயிற்று.
எபனேசர்: "கலத்தோட மூக்கு பூரா கண்ணாடிக்கா! வேண்டாம்க்கா."
நான்: "பெல்ட்டப் போடுல."

11:10
வேகம் 200. நாளை 05:43க்கு நிலையத்தில் இருப்பார்கள். கண்ணாடி நாற்பதாவது நிமிடத்தில் போய்விட்டது. கலத்தில் காற்றில்லை. உடுப்பில் இரண்டு மணி நேரத்துக்கு இருக்கிறது.
எபனேசர்: "உள்ள வந்துருங்கக்கா. கதவத் தொறக்கேன்."

11:25
அவர்களிடம் இருப்பது பதினோரு பேருக்கு 19 மணி நேரக் காற்று. பன்னிரண்டு பேர் என்றால் பதினேழரைகூட வராது. போய்ச்சேர பதினெட்டரை வேண்டும்.

என் பக்கக் கதவு சிக்கிக்கொண்டது, நிலையத்திலிருந்து வேறு கலம் வருகிறது என்று சொல்லிவிட்டேன். நம்பிவிட்டான். பயமாகத்தான் இருக்கிறது.

12:50
கணக்கை மூன்று தடவை போட்டேன். இந்தத் தடவை தப்பில்லை